சந்திர குலத்துப் பாபு
கொற்கைக் கரையின் கதை – 31

தூத்துக்குடிக் கடலில் அரசு நடத்திய முத்துச் சலாபம் 1961ஆம் ஆண்டோடு முடிந்துபோனதைச் சென்ற வாரம் பார்த்தோம். பார்களில் சிப்பி விளைவது நின்றது. கல்லைக் காலில் கட்டிக்கொண்டு மூச்சடக்கி இறங்கிய பரதவர்கள் சங்குக்கும் மீனுக்கும் துறைமுகக் கூலிக்கும் திரும்பினார்கள். அதே 1961இல் சென்னையில் ‘குமார ராஜா’ என்றொரு படம் வந்தது. அதன் கதாநாயகன் தூத்துக்குடிப் பரதவர் வீட்டில் பிறந்தவர். கோயில் ஏட்டில் ஒரு பெயர், அம்மா அப்பா அழைத்தது ஒரு பெயர், திரையில் ஒரு பெயர் என்று வாழ்ந்த ஜே. பி. சந்திரபாபு.

பாண்டியர், பறங்கியர், டச்சுக்காரர், கும்பினியார் என்று வந்துகொண்டிருந்த இந்தத் தொடரில் திடீரென்று ஒரு சினிமா நகைச்சுவை நடிகர் எதற்கு என்று சிலர் நினைக்கலாம். இந்தக் கரையின் வரலாற்றில் அவருக்கு இடம் இல்லையென்றால் அந்த வரலாறு குறைப்பட்டது என்பது என் உறுதியான எண்ணம். சந்திரபாபுவைப் பற்றி நிறைய எழுதியிருக்கிறார்கள். பெரும்பாலும் ஒரே கதைதான்: வறுமையில் தொடங்கி, புகழின் உச்சிக்குப் போய், குடித்து, கடன்பட்டு, 46 வயதில் இறந்த கலைஞன். அதில் பொய் ஒன்றும் இல்லை. ஆனால் அந்தக் கதை அவரை மேலைநாட்டு ஆட்டத்தையும் பாட்டையும் எங்கிருந்தோ கற்றுக்கொண்டு வந்த ஒரு விசித்திரப் பிறவியாகக் காட்டிவிட்டு நகர்ந்துவிடுகிறது. எங்கிருந்து வந்தார் என்பதை யாரும் நின்று பார்ப்பதில்லை. நாம் பார்ப்போம்.

கொற்கை என்ற ஊர் இன்று கடலிலிருந்து பல கிலோமீட்டர் உள்ளே வயல்களுக்கு நடுவே கிடக்கிறது. தாமிரபரணி கொண்டுவந்து கொட்டிய வண்டலால் கடல் விலக, துறை காயலுக்கு நகர்ந்தது. 13ஆம் நூற்றாண்டின் இறுதியில் மார்க்கோ போலோ காயலுக்கு வந்தபோது ஹோர்முஸ், கிஷ், ஏடன் துறைகளிலிருந்து குதிரைக் கப்பல்கள் அங்கே வந்து நின்றன. பாரசீக வளைகுடாவும் முத்து எடுக்கும் கடல், மன்னார் வளைகுடாவும் முத்து எடுக்கும் கடல். குதிரையும் முத்தும் எதிரெதிரே போய் வந்தன. பிறகு காயலும் மணல் மூடியது, தூத்துக்குடி எழுந்தது. 1530களில் முத்துப் பார்களின் மேல் யாருக்கு உரிமை என்ற சண்டையில் பரதவர்கள் கொச்சிக்கு ஆள் அனுப்பிப் போர்த்துகீசியரின் துணையைக் கேட்டார்கள். துணையோடு ஞானஸ்நானமும் வந்தது. சில ஆண்டுகளுக்குள் இந்தக் கரை முழுவதும் பெர்னாந்து, ரொட்ரிக்ஸ், டிக்ரூஸ், மிராண்டா, ரோச் என்ற குடும்பப் பெயர்கள் பரவின. 1542இல் சவேரியார் வந்தார். 1578இல் கொல்லத்தில் அச்சான ‘தம்பிரான் வணக்கம்’ இந்தக் கரையின் மக்களுக்காகவே அச்சானது. தமிழில் அச்சேறிய நூலை முதலில் கையில் வாங்கியவர்களும் இவர்களே.

இத்தனை மாற்றத்திலும் அவர்கள் தங்கள் பழைய குலப் பெருமையை விட்டுவிடவில்லை. பரதவர்கள் தங்களைச் சந்திர குலத்தார் என்று சொல்லிக்கொள்வார்கள். பாண்டியர் வழி என்ற நினைப்பு அதில் இருக்கிறது. பனிமய மாதாவுக்குத் தங்கத்தேர் இழுப்பதும், சாதித் தலைவருக்குப் ‘பாண்டியபதி’ என்று பட்டம் கட்டியதும், வீட்டில் லத்தீன் மன்றாட்டும் கொற்கைப் பெருமையும் அருகருகே ஒலித்ததும் ஒரே மக்களின் வாழ்க்கை. வெளியிலிருந்து வருவதை உள்ளே எடுத்துக்கொண்டு, தன்னையும் இழக்காமல் நிற்பது இந்தக் கரைக்கு நானூறு வருடப் பழக்கம். சந்திரபாபுவைப் புரிந்துகொள்ள எனக்கு உதவியது இதுதான்.

1927 ஆகஸ்ட் 5ஆம் தேதி அவர் பிறந்தார். தூத்துக்குடிக்காரர்களுக்கு அந்தத் தேதியை விளக்க வேண்டியதில்லை. ஜூலை 26இல் கொடியேறி ஆகஸ்ட் 5இல் நிறைவடையும் பனிமய மாதா திருவிழாவின் பெருநாள் அது. ஊரெல்லாம் வந்து கூடும் நாளில் பிறந்த பிள்ளை. ஞானஸ்நானப் பெயர் ஜோசப். குழந்தையிலேயே கடும் காய்ச்சல் கண்டு பிழைத்ததால், ஆண்டவர் போட்ட பிச்சை என்று ‘பிச்சை’யும் சேர்ந்தது. மாதாவின் அடியான் என்பதால் பனிமயதாசன். குடும்பப் பெயர் ரொட்ரிக்ஸ். வீட்டில் பாபு. பின்னாளில் திரைக்குப் பெயர் வேண்டியிருந்தபோது, அந்தப் பாபுவுக்கு முன்னால் தன் சந்திர குலத்தைச் சேர்த்துக்கொண்டார். சினிமாவுக்குப் போனவர்கள் சாதியும் ஊரும் தெரியாத பெயராகப் பார்த்து வைத்துக்கொண்ட காலத்தில், இவர் தன் கரையின் அடையாளத்தை யாருக்கும் தெரியாமல் பெயருக்குள்ளேயே வைத்துக்கொண்டு போயிருக்கிறார். அதைத் தூத்துக்குடியிலேயே பலர் கவனித்ததில்லை.

அப்பா ஜே. பி. ரொட்ரிக்ஸ் விடுதலைப் போராட்டக்காரர். ‘சுதந்திர வீரன்’ என்ற பத்திரிகையை நடத்தியவர். வ. உ. சிதம்பரனார் 1906இல் சுதேசிக் கப்பல் கம்பெனியைத் தொடங்கித் தூத்துக்குடிக்கும் கொழும்புக்கும் இடையே கப்பல் விட்டதையும், 1908இல் கோரல் மில் வேலைநிறுத்தம் நடந்து அவர் சிறைக்குப் போனதையும் முன்பே விரிவாகப் பார்த்திருக்கிறோம். அந்த நெருப்பு ஊரில் அணையவே இல்லை. ரொட்ரிக்ஸ் அடுத்த தலைமுறையில் அதை ஏந்தியவர்களில் ஒருவர். சத்தியாக்கிரகத்தில் கைதானார். விடுதலையான பிறகும் அரசு சும்மா விடவில்லை, குடும்பத்தோடு இலங்கைக்கு நாடு கடத்தியது. பிள்ளை அப்போது மிகச் சிறியவன். சிதம்பரனார் எந்தக் கடல்வழியில் சுதேசிக் கப்பலை ஓட்டினாரோ அதே வழியில் ஒரு சுதேசிக் குடும்பம் நாடுகடத்தப்பட்டுப் போனது.

கொழும்பு தூத்துக்குடிக்காரருக்கு அயலூர் இல்லை. பரதவர் தோணிகள் தலைமுறை தலைமுறையாகப் போய்வந்த துறை. செட்டியார் தெருவிலும் கொட்டாஞ்சேனையிலும் கொச்சிக்கடை அந்தோனியார் கோயிலைச் சுற்றிலும் இந்தக் கரையின் முகங்கள் இருந்தன. ரொட்ரிக்ஸ் அங்கே ஒரு தமிழ்ப் பத்திரிகையில் வேலை பார்த்தார். பையன் கிராண்ட்பாஸ் புனித சூசையப்பர் கல்லூரியில் படித்தான். அன்றைய கொழும்பு எப்படிப்பட்ட ஊர் என்று நினைத்துப் பாருங்கள். கிழக்குக்கும் மேற்குக்கும் போகிற கப்பல்களெல்லாம் நிலக்கரிக்கும் தண்ணீருக்கும் ஒதுங்குகிற துறை. போர்த்துகீசியர் விட்டுச்சென்ற ‘பைலா’ ஆட்டப்பாட்டு சிங்களவர், பறங்கியர், தமிழர் எல்லோருடைய கல்யாண வீட்டிலும் கேட்கும். மேலைநாட்டுப் படங்களும் இசைத்தட்டுகளும் கப்பலோடு வந்து இறங்கும். கோயிலில் பாடற்குழு, தெருவில் பைலா, கொட்டகையில் ஹாலிவுட், வீட்டில் தூத்துக்குடித் தமிழ். அந்தப் பையனின் காது இப்படித்தான் பழகியிருக்கும்.

1943இல் குடும்பம் சென்னைக்கு வந்து திருவல்லிக்கேணியில் குடியேறியது. அப்பாவுக்குத் ‘தினமணி’யில் வேலை. பையனுக்கு வயது பதினாறு. சினிமாதான் வேண்டும் என்று முடிவு செய்துவிட்டான். பத்திரிகைக்காரர் மகன் என்பதாலோ என்னவோ, முதல் கதவும் ஒரு எழுத்தாளரிடம்தான் திறந்தது. மணிக்கொடி ஆசிரியராக இருந்த பி. எஸ். ராமையா இயக்கிய ‘தன அமராவதி’ 1947இல் வந்தது, அதில் ஒரு சிறு வேடம். சுதந்திரம் வந்த வருடமும் அதுதான். விடுதலைக்காகச் சொந்தக் கரையை இழந்த குடும்பத்தின் பிள்ளை அந்த வருடத்தில் திரையில் முகம் காட்டினான் என்பதை நான் வெறும் தற்செயலாகக் கடந்துபோக விரும்பவில்லை.

அடுத்த ஐந்து வருடம் வெறும் அலைச்சல். ஸ்டூடியோ வாசல், கேன்டீன், சிபாரிசுக் கடிதம், நாளை வா. எஸ். எஸ். வாசனைப் பார்த்துவிட்டால் போதும் என்று ஜெமினியின் வாசலில் காத்துக் கிடந்தார். பார்க்க முடியவில்லை. மனம் நொந்து, வாசனுக்குக் கடிதம் எழுதி வைத்துவிட்டு, 1952இல் ஸ்டூடியோ வளாகத்திலேயே உயிரை விட முயன்றார். காப்பாற்றிவிட்டார்கள். தற்கொலை முயற்சி அன்று தண்டனைக்குரிய குற்றம் என்பதால் வழக்குப் போட்டுக் கோர்ட்டில் நிறுத்தினார்கள்.

அங்கே நடந்ததைச் சினிமா உலகம் இன்றுவரை சொல்லிக்கொண்டிருக்கிறது. ஏன் இப்படிச் செய்தாய் என்று நீதிபதி கேட்டதும், சந்திரபாபு ஒரு தீக்குச்சியைக் கிழித்துத் தன் உள்ளங்கையைச் சுட்டுக்கொண்டார். நான் சுட்டுக்கொண்டது உங்கள் கண்ணுக்குத் தெரிகிறது, என் கை எரிவது உங்களுக்குத் தெரியாது, என் துன்பமும் அப்படித்தான் என்ற பொருளில் பேசினார். நீதிபதி விடுவித்துவிட்டார். வாசன் ‘மூன்று பிள்ளைகள்’ படத்தில் வேடம் கொடுத்தார். இதை ஒரு சாமர்த்தியமான நடிப்பு என்று சிலர் எழுதியிருக்கிறார்கள். எனக்கு அப்படித் தோன்றவில்லை. 25 வயதுப் பையன், வேலை இல்லை, குற்றவாளிக் கூண்டு. அவனுக்குத் தெரிந்த ஒரே மொழி உடம்பு. சொல்லிப் புரியவைக்க முடியாததை உடம்பால் காட்டினான். பின்னால் 20 வருடம் திரையில் அவர் செய்ததும் அதைத்தான்.

அவருடைய குரலுக்கும் எளிதில் இடம் கிடைக்கவில்லை. எஸ். எம். சுப்பையா நாயுடுவிடம் உதவியாளராக இருந்த எம். எஸ். விஸ்வநாதன், ஆரம்பத்தில் சந்திரபாபு பாடியதைக் கேட்டுவிட்டு, பாட்டாக இல்லை, சிங்களத்தில் வசனம் படிப்பதுபோல் இருக்கிறது என்று ஒதுக்கியதாகச் சொல்வதுண்டு. விஸ்வநாதன் கேட்டது உண்மையாகவே இருக்கலாம். பதினாறு வயதுவரை கொழும்பில் வளர்ந்த நாக்கு. ஆனால் 1954இல் ஏவிஎம் எடுத்த ‘பெண்’ படத்தில் ஆர். சுதர்சனம் அந்தக் குரலைத்தான் தேடிப் பிடித்தார். திரையில் வாயசைத்தது எஸ். பாலச்சந்தர், பாடியது சந்திரபாபு. கல்யாண ஆசையைக் கும்மாளமாகச் சொல்லும் அந்தப் பாட்டு இன்றும் கல்யாண வீடுகளில் ஒலிக்கிறது. பாலச்சந்தரே பெரிய வீணை வித்வான், சங்கீதத்தில் யாருக்கும் தலைவணங்காதவர். அவருடைய முகத்துக்கு இந்தக் குரல் ஒட்டியது என்பதே ஒரு சான்றிதழ்.

அவருடைய பாட்டில் என்ன புதுமை என்று கொஞ்சம் நின்று பார்க்கலாம். தமிழ்த் திரையில் யோடலிங் பாடியவர்களில் அவரே முன்னோடி. ஆல்ப்ஸ் மலை மேய்ப்பர்கள் பள்ளத்தாக்குக்குப் பள்ளத்தாக்கு கூப்பிட்டுக்கொள்ளும் முறை அது. அமெரிக்கக் கௌபாய்ப் பாடகர்கள் எடுத்துக்கொண்டு இசைத்தட்டில் உலகம் சுற்ற அனுப்பினார்கள். குரல் நெஞ்சிலிருந்து கிளம்பும், நடுவில் எங்கும் தங்காமல் கள்ளக்குரலின் உச்சிக்குத் தாவும், மறு நொடியே கீழே வந்து நிற்கும். நம் சங்கீதத்தில் ஒரு சுரத்துக்கும் அடுத்த சுரத்துக்கும் இடையிலுள்ள வழியைக் கமகம் நிரப்பும். அந்த இடைவெளியில்தான் நாம் அழகைத் தேடிப் பழகியவர்கள். யோடலிங் அந்த வழியையே உடைத்துக் காட்டுகிறது. தமிழ்ச் சொல்லை வைத்துக்கொண்டு இதைச் செய்வது சுலபமில்லை, சொல் சிதைந்துவிடும். சந்திரபாபு சொல் இருக்கும் இடத்தில் சொல்லைத் தெளிவாகச் சொல்லிவிட்டு, சொல் முடிந்த இடத்தில் குரலை உடைத்தார். பல்லவி முழுவதும் தமிழ், அது முடியும் இடத்தில் ஆல்ப்ஸ். இரண்டுக்கும் நடுவில் ஒட்டுப்போட்ட தடம் தெரியாது. ஒதுக்கப்பட்ட அதே குரலுக்குப் பின்னாளில் சுப்பையா நாயுடுவே ‘மரகதம்’ (1959) படத்தில் கே. ஜமுனாராணியோடு ஒரு காதல் பாட்டுக் கொடுத்தார். தமிழகத்தில் அதை முணுமுணுக்காத வாய் குறைவு. விஸ்வநாதனோ அவருக்கு உயிர் நண்பராகவே ஆகிவிட்டார்.

ஆட்டத்திலும் அப்படித்தான். ‘குலேபகாவலி’ (1955), ‘புதையல்’ (1957), ‘நாடோடி மன்னன்’ (1958) என்று வரிசையாகப் பாருங்கள். அதற்குமுன் தமிழ் நகைச்சுவை பேச்சில் இருந்தது. என். எஸ். கிருஷ்ணன் நின்று கதை சொல்வார், சிந்திக்கவைப்பார். அவர் 1957இல் மறைந்தார். அந்த வெற்றிடத்தில் சந்திரபாபு பேச்சைக் குறைத்துக்கொண்டு வந்து நின்றார். முழங்கால் இளகும், இடுப்பு ஒரு பக்கம் போகும், தோள் எதிர்ப்பக்கம் போகும், விழப்போகிறான் என்று நாம் நினைக்கிற கணத்தில் காலை நீட்டித் தாளத்தில் நிற்பார். சட்டையும் கால்சட்டையும் தொப்பியும் போட்ட ஒரு தமிழனின் உடம்பு இப்படியெல்லாம் வளையும் என்று அப்போதுதான் கொட்டகையில் பார்த்தார்கள். பாட்டும் ஆட்டமும் நடிப்பும் ஒரே ஆளிடம் இருந்ததால், பின்னணிப் பாடகருக்கு ஏற்ப நடிப்பது என்ற சிக்கல் அவருக்கு இல்லை. மூச்சு எங்கே வாங்க வேண்டும் என்பது காலுக்கும் தெரிந்திருந்தது. ‘புதையல்’ படத்துக்குப் பட்டுக்கோட்டை கல்யாணசுந்தரம் எழுதிக் கொடுத்த பாட்டில், ஒவ்வொரு அடியின் முடிவிலும் ஆட்டம் பாட்டுக்குப் பதில் சொல்வதைக் கவனித்துப் பாருங்கள்.

என்றாலும் அவருடைய மிகப் பெரிய சாதனையாக நான் கருதுவது ‘சபாஷ் மீனா’. பி. ஆர். பந்துலு எடுத்து 1958இல் வந்தது. கதாநாயகன் சிவாஜி கணேசன். ஆனால் படத்தைத் தூக்கி நிறுத்தியவர் சந்திரபாபு. இரட்டை வேடம், சரோஜாதேவி ஜோடி. இரண்டு வேடங்களில் ஒன்று சென்னை ரிக்‌ஷாக்காரர். மெட்ராஸ் பாஷையை, வாயில் போட்டுக் குதப்பித் துப்புகிற அந்த ரிக்‌ஷா ஸ்டாண்டுத் தமிழை, ஒரு முழு வேடமாகத் திரையில் உலவவிட்டவர்களில் முதல் வரிசையில் அவர் இருக்கிறார். இங்கேதான் எனக்கு வியப்பு அடங்குவதில்லை. பிறந்தது தூத்துக்குடி, வளர்ந்தது கொழும்பு. திருவல்லிக்கேணிக்கு வந்தபோது அந்தப் பாஷை அவருக்கு முற்றிலும் அந்நியம். அந்நியம் என்பதாலேயே காதைத் தீட்டிக் கேட்டிருக்கிறார். சென்னையிலேயே பிறந்து வளர்ந்த படித்தவர்கள் கேட்டும் கேளாததுபோல் போன பேச்சில், ஒரு துறைமுகத்துப் பிள்ளைக்குத் தாளமும் மரியாதையும் தெரிந்தன. அவர் அந்த ரிக்‌ஷாக்காரரைக் கிண்டல் செய்யவில்லை. அவர் பேச்சில் இருக்கிற வேகத்தையும் ரோஷத்தையும் அப்படியே கொடுத்தார். அதே பந்துலு அந்தப் படத்தை 1962இல் இந்தியில் ‘தில் தேரா தீவானா’ என்று எடுத்தார். அங்கே இந்த இடத்துக்கு மெஹ்மூத் தேவைப்பட்டார். 1996இல் வந்த ‘உள்ளத்தை அள்ளித்தா’ வரை அந்தக் கதையின் சாயல் தொடர்ந்தது.

1959இல் ‘சகோதரி’ நடந்தது. ஏவிஎம்மின் படம், பீம்சிங் இயக்கம். கனமான குடும்பக் கதை. எடுத்து முடித்துப் பார்த்தபோது களைகட்டவில்லை என்று மெய்யப்பச் செட்டியாருக்குத் தோன்றியது. சந்திரபாபுவை அழைத்து, ஒரு பால்காரன் பாத்திரத்தை உண்டாக்கித் தனியாகக் காட்சிகள் எடுத்துச் சேர்த்தார்கள். படம் ஓடியது. தன்னையே முட்டாள் என்று அறிவித்துக்கொண்டு அந்தப் பால்காரன் பாடும் பாட்டுதான் இன்று அந்தப் படத்தின் அடையாளம். கதையில் இல்லாத ஒருவன் கதையைக் காப்பாற்றினான். இந்த வெற்றிக்குப் பின் தயாரிப்பாளர்கள் அவரை மருந்துபோல் கேட்டு வாங்கினார்கள். ‘அன்னை’, ‘போலீஸ்காரன் மகள்’ எல்லாம் 1962. அந்த ஐந்தாறு வருடம் அவருக்கு நிகராக வேறு நகைச்சுவை நடிகர் இல்லை என்றே சொல்லிவிடலாம்.

கதாநாயகனாக வேண்டும் என்ற ஆசை கண்ணதாசன் வழியாகவும் ஒருமுறை நிறைவேறியது. கண்ணதாசன் தயாரித்த ‘கவலை இல்லாத மனிதன்’ 1960இல் வந்தது. படம் கண்ணதாசனைக் கடனில் தள்ளியது. இருவருக்கும் மனக்கசப்பும் மிஞ்சியது. ஆனால் பிறப்பையும் இறப்பையும் பற்றி அந்தப் படத்தில் கண்ணதாசன் எழுதி, விஸ்வநாதன்–ராமமூர்த்தி இசையமைத்து, சந்திரபாபு பாடிய பாட்டு மட்டும் எல்லாக் கணக்கையும் தாண்டி நிற்கிறது. சிரிக்கவைக்கிறவன் என்று பெயர் எடுத்தவர் அதில் ஒரு இடத்தில்கூட குரலை வேடிக்கைக்கு வளைக்கவில்லை. பின்னாளில் டெல்லியில் குடியரசுத் தலைவர் ராதாகிருஷ்ணன் முன்னால் இதைப் பாடியபோது அவர் மனம்விட்டுப் பாராட்டினாராம். ரசிகன் கிடைத்துவிட்ட பூரிப்பில் சந்திரபாபு துள்ளிப் போய் அவர் மடியிலேயே உட்கார்ந்து கன்னத்தைத் தடவினார் என்று கூட இருந்தவர்கள் சொல்லிச் சொல்லி மாய்ந்தார்கள். பெரிய மனிதர்கள் முன்னால் கைகட்டி நிற்பது அவருக்கு எப்போதும் வந்ததில்லை. எம்.ஜி.ஆரையும் சிவாஜியையும் வாடா போடா என்று பேசக்கூடியவர் என்று திரையுலகம் அவரைத் திமிர்பிடித்தவர் என்றது. கூட்டமாகக் கும்பிட்டு நின்ற ஓர் உலகத்தில் எல்லோரையும் சமமாகப் பார்த்த மனிதருக்கு வேறென்ன பெயர் கிடைக்கும்?

சரிவைச் சுருக்கமாகவே சொல்லிவிடுகிறேன், ஏனென்றால் மற்றவர்கள் அதை மட்டுமே விரித்திருக்கிறார்கள். 1958இல் நடந்த திருமணம் மிகச் சீக்கிரம் முறிந்தது, குடி கூடியது. எம்.ஜி.ஆரை வைத்து ‘மாடி வீட்டு ஏழை’ என்ற படத்தைச் சொந்தமாகத் தொடங்கினார். அது பாதியில் நின்றது, போட்ட பணம் போனது. சென்னையில் காரை மாடிவரை ஓட்டிக்கொண்டு போகும்படி ஆசையாகக் கட்டிய வீடும் கடனில் போயிற்று. ‘தட்டுங்கள் திறக்கப்படும்’ படத்தை அவரே எழுதி இயக்கி 1966இல் வெளியிட்டார். சாவித்திரியும் உடன் நடித்தார். விவிலியத்தில் வரும் வாசகம் அது. மாதா கோயில் மணி கேட்டு வளர்ந்தவருக்குத் தலைப்பைத் தேடி எங்கும் போகவேண்டியிருக்கவில்லை. அந்தப் படமும் ஓடவில்லை. அதற்குள் நாகேஷின் காலம் வந்திருந்தது. ‘பறக்கும் பாவை’, ‘கண்ணன் என் காதலன்’, ‘அடிமைப் பெண்’ என்று எம்.ஜி.ஆர் படங்களில் சின்னச் சின்ன வேடங்கள் வந்தன.

1974 மார்ச் 8இல் இறந்தார். கடைசியில் தன் உடல் விஸ்வநாதன் வீட்டுக்குப் போக வேண்டும் என்பது அவர் விருப்பம். அப்படியே சிறிது நேரம் அங்கே வைத்திருந்துவிட்டு எடுத்துப்போனார்கள். சென்னை சாந்தோம் பக்கத்தில் குவிபிள் தீவுக் கல்லறைத் தோட்டத்தில் அடக்கம் ஆனது.

தூத்துக்குடிக்கு அவர் திரும்பி வந்து வாழவே இல்லை. அதனால்தான் ஊரும் அவரைத் தன்னுடையவராக உரிமை கொண்டாடத் தயங்கியிருக்கிறது. இந்த ஊரின் பரதவர் வாழ்க்கையை நூற்றாண்டு நீளத்துக்கு விரித்துக் காட்டிய ஜோ டி குரூஸின் ‘கொற்கை’ நாவல் 2009இல் வந்து, 2013இல் சாகித்திய அகாதெமி விருதும் பெற்றது. அதன் பிறகு இந்தக் கரையின் வாழ்க்கை இலக்கியத்தில் இல்லை என்று யாரும் சொல்ல முடியாது. சினிமாவில் இல்லை என்று இன்றும் சொல்கிறார்கள். கடலோர ஊர்களில் பாஸ்கா நாடகமும் வாசகப்பாவும் போட்டு, இரவெல்லாம் பாடி ஆடி நடித்த மக்களின் நாடக ரத்தம் திரைக்குப் போனபோது எப்படி இருந்தது என்பதற்குச் சந்திரபாபுவின் 1950களின் படங்கள் கண்முன்னே இருக்கின்றன. முத்து ஏலம் பற்றிய அரசு ஆவணங்களை நாம் ஒன்றுவிடாமல் சேர்த்து வைத்திருக்கிறோம். எந்தப் பாரில் எத்தனை சிப்பி எடுத்தார்கள் என்று வருடவாரியாகக் கணக்கு இருக்கிறது. முத்தெடுத்தவர்களின் பிள்ளைகள் என்ன ஆனார்கள் என்ற கணக்கைத்தான் யாரும் எழுதவில்லை. கும்பினிக் காலத்து ஏலத் தொகையைத் தேடிப் போகிற ஆய்வாளர்கள் பிறகு ‘சபாஷ் மீனா’வையும் உட்கார்ந்து பார்க்க வேண்டும் என்பது என் வேண்டுகோள். இரண்டும் இந்தக் கரையின் ஆவணங்களே.

இந்த மாவட்டம் நாடகத்துக்குக் கொடுத்த இன்னொருவர் சந்திரபாபுவுக்கு அறுபது வருடம் மூத்தவர். 1867இல் காட்டுநாயக்கன்பட்டியில் பிறந்தவர். தூத்துக்குடியில் உப்புப் பண்டகசாலையில் கணக்கு எழுதிக்கொண்டிருந்துவிட்டு, 24 வயதில் வேலையை உதறி நாடகக் கம்பெனிக்குப் போனார். பிற்காலத்தில் அவரிடம் சிறுவர் குழுவில் பயிற்சி பெற்றவர்கள்தான் தமிழ் மேடையையும் பிறகு தமிழ்த் திரையையும் நிரப்பினார்கள். அடுத்த வாரம் சங்கரதாஸ் சுவாமிகள்.